மயானத்துக்கு 60 மீட்டரில் வீடு: 90 மீட்டர் விதி எதைத் தடுக்கிறது, எதைத் தடுக்காது?

கேள்வி: ஐயா, செங்கல்பட்டு மாவட்டத்தில் ஓர் ஊராட்சியில், டிடிசிபி அங்கீகாரம் பெற்ற மனைப்பிரிவில் 2019இல் மனை வாங்கி வீடு கட்டிக் குடியிருக்கிறோம். தென்புறம் ஊர் மயானம் இருக்கிறது. 1 ஏக்கர் 20 சென்ட் என்கிறார்கள். எங்கள் மதிலிலிருந்து அதன் எல்லை 60 மீட்டர்தான். எரிமேடையும் எங்கள் பக்கத்து ஓரத்திலேயே இருக்கிறது. மழைக்காலத்தில் டயர் போட்டு எரிக்கிறார்கள். புகை வீட்டுக்குள் வருகிறது, மாமியாருக்கு ஆஸ்துமா. இது போதாதென்று இரண்டு மாதம் முன்பு, மயானத்தை ஒட்டிய பட்டா நிலத்தில் ஒரு குடும்பத்தார் தங்கள் வீட்டுப் பெரியவரைப் புதைத்தார்கள். இப்போது சமாதி கட்டச் செங்கல் இறக்கியிருக்கிறார்கள். அது எங்கள் போர்வெல்லிலிருந்து 40 மீட்டர். 90 மீட்டருக்குள் மயானம் இருக்கக் கூடாது என்று சட்டமே இருக்கிறதாமே, மூடச் சொல்லி வழக்குப் போடலாமா? காலனிக்காரர்கள் எங்கள் லேஅவுட் ரோடு வழியாகத்தான் பிணத்தைக் கொண்டுபோகிறார்கள். கேட் போட்டு அதை நிறுத்தத் தீர்மானம் போடலாம் என்று நலச்சங்கத்தில் பேச்சு. நான்தான் சங்கச் செயலாளர். என்ன செய்யலாம்?
— பெயர் வெளியிட விரும்பாத வாசகி

பதில்: கடைசியில் கேட்டதற்கு முதலில் பதில் சொல்லிவிடுகிறேன், அம்மா. அந்த கேட் தீர்மானத்தில் நீங்கள் கையெழுத்துப் போடாதீர்கள். மற்றவர்கள் போட்டாலும் உங்கள் எதிர்ப்பைத் தீர்மானப் புத்தகத்திலேயே எழுத்தில் பதிவு செய்யுங்கள்.

காரணம் இரண்டு. முதலாவது, அந்த ரோடு உங்களுடையதே அல்ல. மனைப்பிரிவுக்கு அங்கீகாரம் வாங்கும்போது சாலைகளை ஊராட்சிக்குத் தானப் பத்திரம் எழுதிக் கொடுக்க வேண்டும். சார்பதிவாளர் அலுவலகத்தில் வில்லங்கச் சான்று போட்டுப் பார்த்தால் அந்தப் பத்திரம் கிடைக்கும். எழுதிக் கொடுத்த நாளிலிருந்து அது ஊராட்சிச் சாலை. பிணம் போகலாம், கல்யாண ஊர்வலமும் போகலாம்.

இரண்டாவது காரணம் இன்னும் கடுமையானது. ‘காலனிக்காரர்கள்’ என்று நீங்கள் எழுதியிருப்பது பட்டியல் சாதி மக்களை என்றே எடுத்துக்கொள்கிறேன். 1989ஆம் ஆண்டு வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தில் 2016 ஜனவரி முதல் நடைமுறைக்கு வந்த திருத்தம், பிரிவு 3(1)(இசட்ஏ) என்பதைச் சேர்த்தது. இடுகாட்டையோ சுடுகாட்டையோ, பொதுச் சாலையையோ பாதையையோ மற்றவர்களுக்குச் சமமாகப் பயன்படுத்த விடாமல் அவர்களைத் தடுப்பது அதன்படி குற்றம். தண்டனை 6 மாதத்திலிருந்து 5 ஆண்டு வரை. இந்தச் சட்டத்தின் 18ஆவது பிரிவு முன்ஜாமீனையும் தடுக்கிறது. கேட்டில் யார் பூட்டுப் போட்டார் என்று போலீஸ் தேடி அலைய வேண்டியதில்லை. தீர்மானப் புத்தகத்தில் செயலாளர் கையெழுத்து இருக்கும்.

2019 ஆகஸ்டில் வாணியம்பாடி பக்கம் நாராயணபுரத்தில் பாதை கிடைக்காமல், ஒரு தலித்தின் உடலைப் பாலாற்றுப் பாலத்தின் மேலிருந்து கயிறு கட்டி இறக்கினார்கள். அந்தக் காணொளி வெளியானதும் சென்னை உயர் நீதிமன்றம் தானாக முன்வந்து விசாரித்தது. மயானப் பாதை வழக்கு என்றால் நீதிபதிகளுக்கு இன்றும் நினைவுக்கு வருவது அந்தப் பாலம்தான். கேட்டைப் போட்டுவிட்டு, பிறகு புகைக்கு நியாயம் கேட்டு நீதிமன்றம் போனால் உங்கள் பேச்சு எடுபடாது.

இனி 90 மீட்டர் விஷயம். சட்டம் இருக்கிறது என்று உங்களிடம் சொன்னவர் பாதி சரியாகச் சொல்லியிருக்கிறார். 1999ஆம் ஆண்டின் தமிழ்நாடு கிராம ஊராட்சிகள் இடுகாடு, சுடுகாடு விதிகளில் 7ஆவது விதி அது. குடியிருப்புக்கோ குடிநீர் ஆதாரத்துக்கோ 90 மீட்டருக்குள் யாரும் பிணத்தைப் புதைக்கவோ எரிக்கவோ கூடாது என்கிறது. ஆனால் அதே வாக்கியத்தில் ஒரு விலக்கும் உண்டு. மயானம் என்று உரிமம் பெற்ற, முறைப்படி ஏற்படுத்தப்பட்ட இடங்களுக்கு அந்தத் தடை இல்லை. விதி தடுப்பது மயானம் அல்லாத இடத்தில் நடக்கும் அடக்கத்தையும் தகனத்தையும். தாத்தா காலத்திலிருந்து இருக்கும் ஊர் மயானத்தின் பக்கத்தில் ஒருவர் வீடு கட்டிக்கொண்டு, 90 மீட்டர் இல்லை, எடுத்துப் போங்கள் என்று சொல்வதற்கு இந்த விதி எழுதப்படவில்லை. இதைப் புரிந்துகொள்ளாமல் போடப்படும் வழக்குகள் முதல் விசாரணையிலேயே நொண்ட ஆரம்பித்துவிடும். அரசு வழக்கறிஞர் கேட்கப்போவது ஒரே கேள்வி: மயானம் முதலில் வந்ததா, மனுதாரர் முதலில் வந்தாரா?

அதனால் வழக்கா இல்லையா என்று முடிவெடுக்கும் முன்பு அந்த நிலத்தின் ஜாதகத்தைப் பார்த்துவிடுங்கள். வேண்டியவை சில தாள்கள்தான். மயானத்தின் சர்வே எண்ணைக் கிராம நிர்வாக அலுவலரிடம் கேட்டு வாங்குங்கள். தமிழக அரசின் நிலப்பதிவு இணையதளத்தில் அந்த எண்ணைக் கொடுத்தால் ‘அ’ பதிவேட்டுப் பிரதி வரும். அதில் நிலத்தின் வகை புறம்போக்கு என்றும், குறிப்புப் பகுதியில் மயானம், சுடுகாடு, இடுகாடு என்று ஏதாவது ஒரு சொல்லும் இருக்க வேண்டும். அடுத்து எஃப்.எம்.பி. எனப்படும் புலப்பட வரைபடம். நிலத்தின் நான்கு பக்க அளவும் அதில் மீட்டரில் இருக்கும். 60 மீட்டர் என்று நீங்கள் சொல்வது செல்போன் வரைபடத்தில் விரல் வைத்து அளந்தது என்றால் அதை மனுவில் எழுத வேண்டாம். புலப்படங்களை ஒட்டிவைத்துப் பார்த்து அளந்த தூரம்தான் நிற்கும்.

மூன்றாவது, யு.டி.ஆருக்கு முந்தைய பதிவேடு. யு.டி.ஆர். என்பது 1980களில் நடந்த நிலவுடைமை மேம்பாட்டுத் திட்டம். அதில் பல ஊர்களில் மயானப் புறம்போக்கின் ஓரங்கள் தனியார் பட்டாவுக்குள் போய்விட்டன. சில இடங்களில் தலைகீழாகப் பட்டா நிலம் மயானத்துக்குள் வந்திருக்கிறது. ‘மயானத்தை ஒட்டிய பட்டா நிலம்’ என்று நீங்கள் எழுதியதைப் படித்ததும் எனக்கு எழுந்த சந்தேகம் இதுதான். அந்தப் பட்டா நிலமே பழைய பதிவேட்டில் மயானமாக இருந்தால் கதை முழுவதும் மாறும். பழைய நிலவரித்திட்டப் பதிவேட்டின் நகலை வட்டாட்சியர் அலுவலகத்தில் தகவல் உரிமைச் சட்டப்படி கேளுங்கள். 10 ரூபாய் நீதிமன்ற வில்லை ஒட்டிய மனு போதும், 30 நாளில் பதில் தர வேண்டும். தராவிட்டால் அடுத்த 30 நாளுக்குள் முதல் மேல்முறையீடு.

ஊராட்சி அலுவலகத்துக்கும் இதேபோல ஒரு மனு அனுப்புங்கள். அதில், ‘இந்த சர்வே எண்ணில் உள்ள இடம் 1999 விதிகளின் கீழ் பதிவு அல்லது உரிமம் பெற்றதா? பெற்றிருந்தால் அந்தப் பதிவேட்டுப் பக்கத்தின் நகல் தருக’ என்று மட்டும் கேளுங்கள். ஏன் பதிவு செய்யவில்லை, யார் பொறுப்பு என்றெல்லாம் கேட்டால் அது தகவல் அல்ல என்று திருப்பிவிடுவார்கள்.

வரும் பதில் மூன்று விதமாக இருக்கலாம். பதிவேட்டில் மயானம் என்றே இருந்தால், 1994ஆம் ஆண்டு ஊராட்சிகள் சட்டத்தின் 134ஆவது பிரிவுப்படி அது ஊராட்சியிடம் ஒப்படைக்கப்பட்ட பொதுநிலம். மயானம் அமைத்துப் பராமரிப்பது அதே சட்டத்தின் 110ஆவது பிரிவுப்படி ஊராட்சியின் கடமை. அதை மூட வைப்பது அநேகமாக நடக்காது. சொல்லப்போனால், இந்தப் பிரிவு உங்களுக்கே பயன்படும், கீழே சொல்கிறேன். பதிவேட்டில் வெறும் புறம்போக்கு, மேய்ச்சல், ஓடை என்று ஏதாவது இருந்து, ஊர் மட்டும் தலைமுறையாகப் பயன்படுத்தி வந்தால், வழக்காறு என்ற வாதம் எதிர்த்தரப்பில் வரும். அங்கே இழுபறி நீளும். ஓடைப் புறம்போக்காக இருந்தால் மட்டும் உங்கள் கை சற்று ஓங்கும், ஏனென்றால் நீர்நிலை நிலத்தை வேறு எதற்கும் விட நீதிமன்றங்கள் இப்போது தயாராக இல்லை. மூன்றாவது, யாரோ அண்மையில் தொடங்கிய, எந்தப் பதிவிலும் இல்லாத இடம். அதற்குத்தான் 90 மீட்டர் விதி நேராகப் பொருந்தும். நீங்கள் எழுதியிருப்பதைப் பார்த்தால் உங்கள் ஊர் மயானம் முதல் வகை.

அப்படியானால் புகையைச் சகித்துக்கொள்ள வேண்டுமா? வேண்டாம். மயானத்தை மூடச் சொல்வது வேறு, மயானத்தை ஒழுங்காக நடத்தச் சொல்வது வேறு. இரண்டாவதில் நீங்கள் ஜெயிக்க நிறைய வாய்ப்பு இருக்கிறது.

டயர் ஏன் போடுகிறார்கள் என்று முதலில் பாருங்கள். ஓர் உடல் முழுதாக எரிய 300, 400 கிலோ காய்ந்த விறகு வேண்டும். மழைக்காலத்தில் ஈர விறகு பாதியில் அணையும். கூரை இல்லாத மேடை என்றால் கேட்கவே வேண்டாம். பாதி எரிந்த உடலைப் போட்டுவிட்டுப் போக முடியாத பணியாளர் கையில் கிடைத்த டயரைப் போடுகிறார். ஆகவே ‘டயர் எரிக்கத் தடை’ என்று மட்டும் கேட்டால் ஒரு பலகை வைப்பார்கள், அடுத்த ஐப்பசியில் மறுபடி டயர் எரியும். கேட்க வேண்டியவை: எரிமேடைக்கு உயரமான கூரை, காய்ந்த விறகும் வரட்டியும் வைக்கக் கொட்டகை, வளாகத்துக்குள் தண்ணீர்க் குழாய், இரவில் விளக்கு. எல்லாமே 110ஆவது பிரிவில் சொல்லும் கடமைக்குள் அடங்கும்.

இவை எல்லாவற்றையும்விடப் பெரிய கோரிக்கை ஒன்று உண்டு. யாரும் கேட்க நினைக்காதது. எரிமேடையை இடம் மாற்றச் சொல்லுங்கள். 1 ஏக்கர் 20 சென்ட் என்பது ஏறக்குறைய 4,850 சதுர மீட்டர். நிலம் சதுரமாக இருந்தால் ஒரு பக்கம் 70 மீட்டர் வரும். உங்கள் மதிலிலிருந்து மயான எல்லைக்கு 60 மீட்டர், மேடையோ உங்கள் பக்கத்து ஓரத்தில். அதைத் தென்கோடிக்குக் கொண்டுபோனால் உங்கள் வீட்டுக்கும் நெருப்புக்கும் இடையே 120 மீட்டர் கிடைத்துவிடும். வடபுற ஓரத்தைப் புதைப்பதற்கும் மரங்களுக்கும் விடலாம். மேடை இப்போது அங்கே இருப்பதற்குக் காரணம் அநேகமாக, பாதை அந்தப் பக்கம் வந்து முடிவதுதான். எனவே கோரிக்கையோடு சேர்த்து, உள்ளே தென்கோடி வரை 60 மீட்டர் நீளத்துக்கு பேவர் பிளாக் பாதையும் கேட்க வேண்டும். பாதை போடாமல் மேடையை மட்டும் மாற்றினால், சேற்றில் பாடையைத் தூக்கிக்கொண்டு யாரும் கடைசி வரை போக மாட்டார்கள். பழைய இடத்திலேயே தரையில் அடுக்கி எரிப்பார்கள். தென்கோடிக்கு அந்தப் பக்கம் யார் வீடு இருக்கிறது என்பதையும் புலப்படத்தில் பார்த்துக்கொள்ளுங்கள். உங்கள் புகையை இன்னொருவர் தலையில் கட்டும் மனு கிராம சபையில் தேறாது.

கிராம சபை என்று சொன்னேன் அல்லவா, இந்தக் கோரிக்கையை அங்கேதான் முதலில் வைக்க வேண்டும். ஜனவரி 26, மார்ச் 22, மே 1, ஆகஸ்ட் 15, அக்டோபர் 2, நவம்பர் 1 என்று ஆண்டுக்கு ஆறு கூட்டம். முடிந்தால் காலனியிலிருந்து இரண்டு பேரைச் சேர்த்துக்கொண்டு கூட்டு மனுவாகக் கொடுங்கள். கூரையும் விளக்கும் தண்ணீரும் அவர்களுக்குத்தான் முதலில் வேண்டும். உங்களைவிட அவர்கள் கேட்டால் நடக்கும். தீர்மான நகலை வாங்கிக்கொண்டு, ஊராட்சித் தலைவருக்கும், தலைவர் பதவிக்காலம் முடிந்திருந்தால் தனி அலுவலருக்கும், வட்டார வளர்ச்சி அலுவலருக்கும், ஊராட்சிகளின் ஆய்வாளர் என்ற முறையில் மாவட்ட ஆட்சியருக்கும் பதிவுத் தபாலில் மனு அனுப்புங்கள். திங்கட்கிழமை குறைதீர் நாளில் நேரில் கொடுத்தால் பதிவு எண்ணோடு ரசீது தருவார்கள். அதைப் பத்திரமாக வையுங்கள்.

டயர் புகைக்குத் தனியாக இரண்டு வழிகள் உண்டு. திறந்த வெளியில் கழிவு எரிப்பதற்கு 2016 டிசம்பரில் தேசிய பசுமைத் தீர்ப்பாயம் நாடு முழுவதும் தடை விதித்தது. சாதாரணமாக எரித்தால் 5,000 ரூபாய், பெருமளவில் எரித்தால் 25,000 ரூபாய். மாசுக் கட்டுப்பாட்டு வாரியத்தின் மாவட்ட அலுவலகத்துக்கு இதைச் சொல்லிப் புகார் கொடுக்கலாம். பயன் இல்லையென்றால் சென்னையிலுள்ள தீர்ப்பாயத்தின் தென்மண்டல அமர்வு. அங்கே தீர்ப்பாயச் சட்டத்தின் 14ஆவது பிரிவுப்படி, வழக்குக் காரணம் முதலில் எழுந்த நாளிலிருந்து 6 மாதம்தான் கெடு. தகுந்த காரணம் காட்டினால் மேலும் 60 நாள். ‘நாலு வருஷமாகப் புகை’ என்று மனுவின் முதல் வரியிலேயே எழுதித் தங்கள் மனுவுக்குத் தாங்களே காலாவதி முத்திரை குத்திக்கொள்கிறவர்கள் ஏராளம். இன்னொரு வழி, 2023ஆம் ஆண்டு பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 152ஆவது பிரிவு, அதாவது பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 133. பொதுத் தொல்லையை அகற்ற வருவாய்க் கோட்டாட்சியர் நிபந்தனை ஆணை போடலாம். மயானத்தில் டயர் குவித்து வைத்திருந்தால் அதை அப்புறப்படுத்த இது போதும்.

சான்று சேர்க்கும்போது ஒரு வரம்பு. டயரைப் படம் எடுங்கள், புகையை எடுங்கள், தேதியும் நேரமும் காற்று எந்தப் பக்கம் அடித்தது என்பதும் ஒரு நோட்டில் எழுதுங்கள், மாமியாரின் மருத்துவச் சீட்டுகளைத் தேதியோடு அடுக்குங்கள். அழுதுகொண்டு நிற்பவர்களையும் சிதையில் இருக்கும் உடலையும் எடுக்காதீர்கள். அந்தப் படம் ஒன்று வெளியே போனால் வழக்கு எதைப் பற்றியது என்பதே மாறிவிடும்.

எரிவாயு தகன மேடை கேட்கலாமா என்று பலர் கேட்பதுண்டு. நகராட்சிகளில் நல்ல தீர்வு. மாதத்துக்கு ஒன்றிரண்டு சாவு விழும் ஊராட்சியில் அது பூட்டிக் கிடக்கும். உலை ஆறிக் கிடந்து திடீரென்று பற்றவைக்கும்போது முதலில் வருவது கரும்புகைதான். மின்சாரம் போனால் ஊதுவிசிறி நிற்கும், அப்போது ஜெனரேட்டர் இல்லையென்றால் நிலைமை இன்னும் மோசம். பக்கத்து ஊராட்சிகள் நாலைந்து சேர்ந்து ஒன்று கேட்டால் அர்த்தம் உண்டு.

இப்போது பட்டா நிலத்து அடக்கம். இதில்தான் சட்டம் உங்கள் பக்கம் நிற்கிறது.

சொந்த நிலத்தில் புதைக்க யாரைக் கேட்க வேண்டும் என்ற எண்ணம் நம் ஊர்களில் ஊறிப்போனது. 90 மீட்டருக்கு அப்பால் என்றால் தகவல் சொல்லிவிட்டு எங்கும் புதைக்கலாம் என்ற வாதமும் கொஞ்ச காலம் ஓடியது. 2023இல் சென்னை உயர் நீதிமன்றத்தின் மூன்று நீதிபதிகள் கொண்ட முழு அமர்வு அதற்கு முற்றுப்புள்ளி வைத்தது. பட்டா நிலத்தில் கணவரை அடக்கம் செய்த ஒருவருக்கும் பக்கத்து நிலத்துக்காரருக்கும் இடையிலான வழக்கு அது. ஊராட்சிப் பகுதியில் மயானம் என்று பதிவோ உரிமமோ பெற்ற இடத்தைத் தவிர வேறெங்கும் புதைக்கவோ எரிக்கவோ கூடாது, தூரம் எத்தனை ஆனாலும் சரி என்பதே அதன் சாரம். மயானத்தை ஒட்டிய நிலம் என்பதாலேயே அது மயானம் ஆகிவிடாது. உங்கள் விஷயத்தில் 90 மீட்டரும் இல்லை.

எதிர்த்தரப்பு சொல்லக்கூடியவற்றையும் தெரிந்துகொள்ளுங்கள். விஜயகாந்தைக் கோயம்பேடு கட்சி அலுவலகத்தில் 2023 டிசம்பரில் அடக்கம் செய்யவில்லையா என்பார்கள். அது மாநகராட்சியின் அனுமதியோடு நடந்தது. அதே உதாரணத்தைக் காட்டித்தான் 2024 ஜூலையில் பகுஜன் சமாஜ் கட்சியின் மாநிலத் தலைவர் ஆம்ஸ்ட்ராங்கைப் பெரம்பூர் கட்சி அலுவலகத்தில் அடக்கம் செய்ய உயர் நீதிமன்றத்தில் அனுமதி கேட்டார்கள். குடியிருப்புப் பகுதி, குறுகலான தெரு என்று நீதிமன்றம் மறுத்து, கடைசியில் திருவள்ளூர் மாவட்டம் பொத்தூரில் அடக்கம் நடந்தது. 2025 ஜனவரியில், ஒரு கிறிஸ்தவரின் அடக்கம் பற்றிய சத்தீஸ்கர் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னதையும் சிலர் நீட்டுவார்கள். அதில் சொந்த நிலத்தில் அடக்கம் செய்யலாமா என்பதில் இரண்டு நீதிபதிகளும் வேறுபட்டார்கள். உடல் பிணவறையில் கிடந்ததால், வேறொரு ஊரில் கிறிஸ்தவர்களுக்கென்று இருந்த மயானத்தில் அடக்கம் செய்யச் சேர்ந்து உத்தரவிட்டார்கள். பட்டா நிலத்தில் புதைக்க யாருக்கும் அது லைசென்ஸ் தரவில்லை.

சட்டம் பக்கம் நிற்கிறது என்பதற்காக ‘தோண்டி எடு’ என்று கேட்கலாமா? கேட்க உரிமை உண்டு. என்னைக் கேட்டால் முதல் மனுவில் அதைக் கேட்க வேண்டாம். இரண்டு மாதமான உடலைத் தோண்டுவது வட்டாட்சியர், மருத்துவர், போலீஸ் எல்லாரும் வந்து நிற்க வேண்டிய காரியம். உயர் நீதிமன்ற உத்தரவு இல்லாமல் எந்த அதிகாரியும் மண்வெட்டியைத் தொட மாட்டார். அந்தக் குடும்பத்துக்கு உங்கள் மேல் ஆறாப் பகை வரும். நாட்கள் கூடக் கூட நீதிமன்றமும் தோண்டத் தயங்கும். முதலில் அவர்களிடம் ஊர்ப் பெரியவர் ஒருவரை வைத்துப் பேசுங்கள். இரண்டு விஷயங்களுக்கு எழுத்தில் ஒப்புதல் வாங்கினால் போதும்: இந்த இடத்தில் இனி வேறு யாரையும் புதைப்பதில்லை, சமாதி மண்டபம் எழுப்புவதில்லை. வேண்டுமானால் ஒரு செடி நட்டுக்கொள்ளட்டும். ஒரு சமாதி எழும்பிவிட்டால் அடுத்தது பாட்டிக்கு என்று இடம் ஒதுக்கியாகிவிடும், பத்து வருடத்தில் அது குடும்ப மயானம்.

பேச்சு நடக்கவில்லையென்றால் தாமதிக்காமல், செங்கல் இறக்கிய படத்தோடு ஊராட்சிக்கும் வட்டாட்சியருக்கும் ஆட்சியருக்கும் மனு. கட்டுமானத்தை நிறுத்துவது, மேற்கொண்டு அடக்கம் செய்யாமல் தடுப்பது, 1999 விதிகள் மீறப்பட்டது குறித்து விசாரிப்பது என மூன்று கோரிக்கைகள். உடலை மாற்றுவது நான்காவது. அவர்கள் மீறிக் கட்டினால் மட்டும் அதைச் சேருங்கள்.

போர்வெல் பயத்துக்கு வருகிறேன். ஒரு உடலால் 40 மீட்டர் தள்ளி இருக்கும் ஆழ்துளைக் கிணறு கெட்டது என்று நிரூபிப்பது எளிதல்ல. பரிசோதனை செய்யாமல் மனுவில் எழுதுவது அதைவிட ஆபத்து. தமிழ்நாடு குடிநீர் வடிகால் வாரியத்தின் மாவட்ட ஆய்வகத்தில் தண்ணீரைக் கொடுக்கலாம். ரசாயனச் சோதனைக்கு ஒரு பாட்டில், கிருமிச் சோதனைக்கு ஆய்வகமே தரும் கிருமி நீக்கிய பாட்டில் ஒன்று. மோட்டாரைச் சில நிமிடம் ஓடவிட்டுப் பிடித்து, ஐஸ் பெட்டியில் வைத்து அன்றே கொண்டுபோய்ச் சேர்க்க வேண்டும். பார்க்க வேண்டிய இரண்டு எண்கள்: நைட்ரேட் லிட்டருக்கு 45 மில்லிகிராமுக்குள் இருக்க வேண்டும், 100 மில்லி நீரில் ஈ-கோலி ஒன்றுகூட இருக்கக் கூடாது. இவை இந்தியத் தர நிர்ணயத்தின் வரம்புகள்.

நைட்ரேட் அதிகம் வந்தால் உடனே மயானத்தைக் கை காட்டாதீர்கள். உங்கள் லேஅவுட்டில் வீட்டுக்கு ஒரு செப்டிக் டேங்க் இருக்கும். எதிர்த்தரப்பு வழக்கறிஞரின் முதல் கேள்வி அதுதான். அதனால் ஒரே நாளில் மூன்று மாதிரி எடுங்கள்: உங்கள் கிணறு, மயானத்துக்கு எதிர்ப்புறம் மேட்டில் உள்ள ஒரு கிணறு, லேஅவுட்டின் வடகோடியில் ஒன்று. மூன்றிலும் ஒரே அளவு வந்தால் குற்றவாளி செப்டிக் டேங்க். மயானப் பக்கம் மட்டும் கூடினால் உங்களிடம் வழக்கு இருக்கிறது. எப்படி வந்தாலும், போர்வெல்லின் கேசிங் குழாய் பாறை வரை இறங்கியிருக்கிறதா, வாயைச் சுற்றிச் சிமெண்ட் பூசியிருக்கிறதா என்று பாருங்கள். மேல்மட்ட நீர் உள்ளே இறங்குவது பெரும்பாலும் அந்த இடுக்கு வழியாகத்தான்.

மனுக்களுக்குப் பதிலே இல்லையென்றால் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு. அதில் ஒரு நடைமுறைச் சிக்கல். ‘மனுவைப் பரிசீலித்து 12 வாரத்துக்குள் முடிவெடுங்கள்’ என்று உத்தரவிட்டு முடித்துவைக்கப்படும் ரிட்டுகள்தான் அதிகம். அப்போது அதிகாரி பரிசீலிக்கப்போவது நீங்கள் ஏற்கெனவே கொடுத்த மனுவைத்தான். அதில் ‘மயானத்தால் பெரும் அவதி, ஆவன செய்க’ என்று இருந்தால் ‘நடவடிக்கை எடுக்கப்பட்டது’ என்று ஒரு வரிப் பதில் வரும். சர்வே எண், புலப்பட அளவு, எரிமேடை இப்போது இருக்கும் இடம், மாற்ற வேண்டிய இடம், பாதையின் நீளம் எல்லாம் இருந்தால் ஒவ்வொன்றுக்கும் பதில் சொல்லியே ஆக வேண்டும். ஆகவே ரிட்டுக்கு வழக்கறிஞரைப் பார்ப்பதற்கு முன் அல்ல, முதல் மனு எழுதும்போதே பாருங்கள்.

சிவில் வழக்கு என்றால், பொதுத் தொல்லைக்கு உரிமையியல் நடைமுறைச் சட்டம் பிரிவு 91இன்படி நீதிமன்ற அனுமதியோடு இரண்டு பேராவது சேர்ந்து போட வேண்டும். அரசைப் பிரதிவாதியாகச் சேர்த்தால் பிரிவு 80இன்படி இரண்டு மாத நோட்டீஸ். சமாதி கட்டுமானம் போன்ற அவசரத்துக்கு மட்டும் நோட்டீஸ் இல்லாமல் போட அனுமதி கேட்கலாம். பட்டாதாரர் மேல் மட்டும் தடையுத்தரவு கேட்டால் இந்தத் தொல்லைகள் குறைவு.

கடைசியாக, உங்கள் கிரயப் பத்திரத்தின் சொத்து விவரத்தையும் அங்கீகரிக்கப்பட்ட லேஅவுட் வரைபடத்தின் தென்புற ஓரத்தையும் எடுத்துப் பாருங்கள். தெற்கில் மயானம் என்று எழுதியிருந்தால் விற்றவரை ஒன்றும் கேட்க முடியாது. பத்திரத்திலும் இல்லாமல், விளம்பரத் தாளில் அந்த இடத்தைத் தோப்பு என்றோ பூங்கா என்றோ காட்டியிருந்தால், 2016ஆம் ஆண்டு ரியல் எஸ்டேட் சட்டத்தின் 12ஆவது பிரிவில் பொய் விளம்பரத்துக்கு இழப்பீடு கேட்க இடம் இருக்கிறது. அந்த விளம்பரத் தாள் வீட்டில் எங்காவது இருக்கிறதா என்று தேடுங்கள். புகை வழக்கோடு இதைக் கலக்காமல் தனியாக வைத்துக்கொள்ளுங்கள்.